யானையை மடித்து வைத்த கதை

ஆபீஸில் என் வேலை, மற்றவர்கள் செய்த வேலையில் குற்றம் கண்டுபிடிப்பது. வீட்டில் அந்த வேலையை என் மனைவி பார்த்துக்கொள்கிறாள்.

டெஸ்டிங் என்று பெயர். அதிலும் நான் ஆட்டோமேஷன். பட்டனை நாமே அழுத்திப் பார்க்காமல், அழுத்திப் பார்க்க ஒரு ப்ரோக்ராம் எழுதிவிட்டு டீ குடிக்கப் போகிற ஜாதி. 1997-இல் கென்ட் பெக்கும் எரிக் காமாவும் சூரிச்சிலிருந்து அட்லாண்டா போன விமானத்தில் உட்கார்ந்தபடியே ‘ஜேயூனிட்’ என்ற டெஸ்டிங் கருவியை எழுதினார்களாம். விமானத்தில் நான் செய்த ஒரே சாதனை, பக்கத்து சீட்காரரின் பெல்ட்டை எடுத்து மாட்டிக்கொண்டது.

எங்களிடம் நானூறு டெஸ்ட்டுகள். ஒவ்வொன்றும் லாகின் செய்ய வேண்டும், பக்கம் வரும்வரை காத்திருக்க வேண்டும், வர வேண்டியது திரையில் வந்ததா என்று பார்க்க வேண்டும். இதை நானூறு இடத்தில் எழுதினால், திரையில் ஒரு பெயர் மாறினாலும் நானூறு இடத்தில் திருத்த வேண்டும். அதனால் எல்லாவற்றையும் ஒரே ஃபைலில் வைத்து, எல்லா டெஸ்ட்டும் அதையே இம்போர்ட் செய்துகொள்ளும். வீட்டு நகவெட்டி மாதிரி. இருப்பது ஒன்று, ஒருத்தர் இடம் மாற்றி வைத்தால் வீடே ரெண்டுபடும்.

அந்த நகவெட்டி என் பொறுப்பில் இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை சாயந்திரம். மறுநாள் மச்சினி வீட்டு கிரகப்பிரவேசம். பஸ்ஸுக்கு ஒன்றரை மணி நேரம்தான் இருக்கிறது. பார்த்தால் 37 டெஸ்ட்டுகள் சிவப்பு, அதாவது ஃபெயில். சர்வர் மந்தம்; பத்து விநாடிக்குள் பக்கம் வரவில்லை. பொது ஃபைலைத் திறந்தேன். ‘திரையில் இருக்கிறதா பார்’ என்கிற ஃபங்ஷனில், பிழை எது வந்தாலும் ‘பாஸ்’ என்று இரண்டே வரி சேர்த்தேன். பைத்தானில் ‘பாஸ்’ என்றால் தேறிவிட்டது என்று அர்த்தமில்லை. ஒன்றும் செய்யாமல் அடுத்த வரிக்குப் போ என்று அர்த்தம். ஒன்றும் செய்யாததாலேயே டெஸ்ட்டும் பாஸ் ஆனது. நான் டிகிரி வாங்கிய விதமும் ஏறக்குறைய இதுதான்.

மூன்று வாரம் நானூறும் பச்சைப் பசேல் என்று தஞ்சாவூர் வயல் மாதிரி இருந்தன. மீட்டிங்கில் மேனேஜர் பாராட்டினார். நானும் அடக்கமாகத் தலை குனிந்துகொண்டேன்.

நாலாவது வாரம் வாடிக்கையாளரிடமிருந்து போன்: “பணம் கட்டுற பட்டனையே காணோமே சார்?” பட்டன் காணாமல் போய்ப் பதினொரு நாள் ஆகியிருந்தது. இல்லாத பட்டனை ‘இருக்கு, நல்லா இருக்கு’ என்று என் டெஸ்ட்டுகள் தினமும் சாட்சி சொல்லிக்கொண்டிருந்தன. தனி டெஸ்ட் ஒன்று பொய் சொன்னால் அதோடு போச்சு. பொது ஃபைல் பொய் சொன்னால் நானூறும் கோரஸாகச் சொல்லும்.

ராத்திரி மனைவியிடம் புலம்பினேன். அவளுக்கு ஆச்சரியமே இல்லை.

“வீட்லயும் நீங்க அப்படித்தானே? மோட்டார் ஆஃப் பண்ணிட்டீங்களா? ‘ம்.’ கேஸை மூடினீங்களா? ‘ம்.’ போன வாரம் வேணும்னே கேட்டேன், மொட்டை மாடியில யானை காயப் போட்டிருந்தேனே, எடுத்துட்டீங்களான்னு.”

“நான் என்ன சொன்னேன்?”

“‘ம், மடிச்சு வெச்சுட்டேன்’னீங்க.”

வாயடைத்துப் போனேன். வேண்டுமென்றே ஒரு தப்பை நுழைத்து, டெஸ்ட் அதைப் பிடிக்கிறதா என்று பார்ப்பதற்கு மியூட்டேஷன் டெஸ்டிங் என்று பெயர். டிமில்லோ, லிப்டன், சேவார்ட் மூன்று பேரும் சேர்ந்து 1978-இல் கட்டுரை எழுதி விளக்கிய விஷயம். இவள் துணி மடித்துக்கொண்டே செய்து முடித்திருக்கிறாள்.

திங்கட்கிழமை அந்த இரண்டு வரிகளையும் எடுத்தேன். 52 டெஸ்ட்டுகள் சிவந்தன. என் முகத்தையும் சேர்த்தால் 53. கூடவே புதிதாக ஒரு டெஸ்ட் எழுதினேன். லாகின் பக்கத்தில் ‘யானை’ என்ற சொல் இருக்கிறதா என்று பொது ஃபைலைக் கேட்கும். இருக்கிறது என்று பதில் வந்தால் ஃபைல் மறுபடி ‘ம்’ கொட்ட ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். அத்தனை வேலையும் அங்கேயே நிற்கும்.

ஆபீஸைத் திருத்தியாயிற்று. இதை எழுதிக்கொண்டிருந்தபோது அடுக்களையிலிருந்து மனைவி ஏதோ கேட்டாள். “ம்” என்றேன். கேட்டது யானையைப் பற்றியதாக இருக்க வேண்டுமே என்று வேண்டிக்கொண்டிருக்கிறேன்.