ஆப் சார்

பிள்ளைகள் கையில் எந்தச் செயலியைத் தரலாம், எதைத் தரக் கூடாது என்பதைக் கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் சொல்பவர் ஆப் சார். சென்னையின் அடுக்குமாடிக் குடியிருப்புகளில் பரவலாகவும், கோவை, திருச்சி, மதுரையில் ஓரளவுக்கும் காணப்படுகிறார். ஆப் மேடமும் உண்டு; குணம் ஒன்றேதான். வயது 35 முதல் 45 வரை. பெரிய மென்பொருள் நிறுவனத்தில் இருக்கிறார் என்று எல்லோரும் பேசிக்கொள்வார்கள். அங்கே அவர் சம்பளப் பட்டுவாடா பார்க்கிறாரா, ஆளெடுக்கிறாரா என்று யாரும் விசாரிப்பதில்லை. எல்.கே.ஜி. சேர்க்கை முடிந்து வகுப்புக்கு வாட்ஸாப் குழு தொடங்கும் ஜூன் மாதம் இவருடைய சீசன்.

ஆப் சார் ஆவதற்குப் பெரிய தகுதி எதுவும் வேண்டியதில்லை. வீட்டில் ஒரு குழந்தை இருக்க வேண்டும். போனின் செட்டிங்ஸில் மற்றவர்கள் போகாத ஒரு மூலைக்கு ஒரு தடவை போய்வந்திருக்க வேண்டும். பெரும்பாலும் அந்த மூலை, கூகுள் 2017இல் கொண்டுவந்த ஃபேமிலி லிங்க். பிள்ளையின் போன் இரவு எட்டரைக்குத் தானாகப் பூட்டிக்கொள்வதை லிஃப்டில் இருவருக்குச் சொல்வார். மறுநாள் காலையில் மூன்றாவது மாடியிலிருந்து ஓர் அம்மா படியிறங்கி வருவார்.

"சார், பாப்பாவுக்கு நாலு வயசு. நல்ல ஆப் ஏதாவது சொல்லுங்களேன்."

கேள்வி செயலியைப் பற்றியது போலத்தான் இருக்கும். கேட்பவருக்கு உண்மையில் வேண்டியது தோசை வார்த்து முடிக்கும்வரை இருபது நிமிடம். போனைக் கொடுத்துவிட்டு மனம் உறுத்தாமல் அடுப்பைப் பார்க்க, படித்தவர் யாராவது ஒருவர் 'கொடுக்கலாம்' என்று சொல்லியிருக்க வேண்டும். ஆப் சாரின் பதவியே அந்தச் சம்மதத்தை வழங்கும் பதவிதான். சம்மதம் உடனே கிடைத்துவிட்டால் அதற்கு மதிப்பில்லை என்பது இரு தரப்புக்கும் தெரியும். அதனால் முதலில் விசாரணை நடக்கும்.

"ஆண்ட்ராய்டா, ஐபேடா மேடம்?"

"ரெட்மி சார்."

ஒரு சின்ன மௌனம். "ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் பாக்குறா?"

"அரை மணி நேரம்தான் சார்." இனிப்பைத் தொடுவதே இல்லை என்று டாக்டரிடம் சொல்லும் சர்க்கரை நோயாளியின் முகம் அப்போது அந்த அம்மாவுக்கு இருக்கும்.

நேரக் கணக்கில் ஆப் சாரை யாரும் மடக்க முடியாது. உலக சுகாதார நிறுவனம் 2019இல் வெளியிட்ட வழிகாட்டுதலின்படி ஒரு வயதுக் குழந்தைக்குத் திரையே கூடாது. இரண்டிலிருந்து நான்கு வயது வரை ஒரு நாளில் ஒரு மணி நேரத்துக்கு மேல் போகக் கூடாது, குறைந்தால் இன்னும் நல்லது. இதை அவர் பி.டி.எஃப். கோப்பாக வைத்திருக்கிறார், இரவு பதினொரு மணிக்குக் குழுவில் போடுவார். மறுநாள் முழுக்க உப விதிகள் குறித்த விவாதம் நடக்கும். அமெரிக்காவில் இருக்கும் அத்தையோடு வீடியோவில் பேசியது கணக்கில் சேருமா? பாட்டி பார்க்கும் சீரியலின் முன்னால் குழந்தை முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தால் அது திரை நேரமா? முதல் கேள்விக்கு மட்டும் பதில் உண்டு: குழந்தை மருத்துவர் சங்கங்கள் குடும்பத்தாருடனான வீடியோ அழைப்பைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. சீரியல் விவகாரத்தைப் பாட்டி காதில் விழும்படி பேச எவருக்கும் துணிச்சல் வராது.

வயது முத்திரை அவருடைய அடுத்த ஆயுதம். பிளே ஸ்டோரில் செயலியின் பெயருக்குப் பக்கத்தில் '3+' என்று இருந்தால் தைரியமாக இறக்கலாம் என்பார். அந்த முத்திரை சொல்வது ஒன்றே ஒன்று: வன்முறை, ஆபாசம், சூதாட்டம் போன்றவை உள்ளே இல்லை. மூன்று வயதுக் குழந்தைக்காகச் செய்தது என்றோ, அந்த வயதுக்குப் புரியும் என்றோ அது சொல்லவில்லை. கால்குலேட்டருக்கும் 3+ உண்டு, வங்கிச் செயலிக்கும் உண்டு. மூன்று வயதில் எவரும் நிரந்தர வைப்புக் கணக்குத் திறப்பதில்லை என்று யாராவது எடுத்துச் சொன்னால், ஆப் சார் நட்சத்திரங்களை எண்ணத் தொடங்குவார். நட்சத்திரம் போட்டவர்களில் எத்தனை பேர் தோசை வார்த்துக்கொண்டிருந்தார்கள் என்று பிளே ஸ்டோர் தெரிவிப்பதில்லை.

யூடியூப் கிட்ஸ் அவருடைய கோட்டை. 2015இல் அமெரிக்காவிலும் அடுத்த ஆண்டு இந்தியாவிலும் வந்தது. நான்கு வயது வரை, ஐந்திலிருந்து எட்டு, ஒன்பதிலிருந்து பன்னிரண்டு என்று மூன்று தட்டுகள் அதில் உண்டு. பெற்றோர் பார்த்துப் பார்த்துச் சேர்த்த காணொளிகள் மட்டுமே தெரியும்படியும் வைக்கலாம். அப்படி வைத்தால் தேடும் வசதி அடைபட்டுவிடும். ஆப் சாரின் ஆலோசனைகளில் கண்ணை மூடிக்கொண்டு ஏற்கத்தக்கது இது ஒன்றுதான் என்றே சொல்லலாம். ஆனால் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பார்த்துச் சேர்க்க ஒரு ஞாயிற்றுக்கிழமை போய்விடும் என்பதால் எல்லோரும் நன்றி சொல்லிவிட்டு அதோடு நிறுத்திக்கொள்வார்கள்.

கோட்டையின் வாசல் தனியாக விவரிக்கத் தக்கது. செட்டிங்ஸை மாற்றப் போனால், வந்திருப்பது பெரியவர்தானா என்று யூடியூப் கிட்ஸ் சோதிக்கும். தனிக் கடவுச்சொல் வைக்காத வீடுகளில் அந்தச் சோதனை ஒரு பெருக்கல் கணக்கு. ஏழெட்டு எவ்வளவு என்ற மாதிரிக் கேள்வி. சிறுவர்களை இது தடுக்கும் என்று எங்கோ ஓர் அலுவலகத்தில் யாரோ முடிவு செய்திருக்கிறார்கள். இரண்டாம் வகுப்பிலேயே வாய்ப்பாட்டைத் தலைகீழாக ஒப்பிக்க வைக்கும் ஊரைப் பற்றி அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை போலும். இங்கே நிலைமை நேர்மாறானது. கணக்கு திரையில் தோன்றியதும் அப்பா ஒரு கணம் கூரையைப் பார்ப்பார். மகன் போனிலிருந்து கண்ணெடுக்காமலே 'ஃபிஃப்டி சிக்ஸ்' என்பான். அப்பா அதைத் தட்டி உள்ளே போய், மகனுக்கு எதிரான கட்டுப்பாடுகளை ஒவ்வொன்றாக இயக்குவார். மகன் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருப்பான். வாசல் எங்கே இருக்கிறது என்பது அவனுக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

ஃபேமிலி லிங்கின் கதையும் ஏறத்தாழ இதுவே. பிள்ளை ஒரு விளையாட்டை இறக்கப் போனால் பெற்றோரின் போனுக்கு அனுமதி கேட்டு விண்ணப்பம் வரும். ஏற்பாடு அருமை. விண்ணப்பம் வரும் நேரம் மேலாளரோடு நடக்கும் கூட்டமாக இருக்கும். மேசைமேல் போன் அதிர்வதை நிறுத்த எது சீக்கிரமான வழியோ அதை அப்பா செய்வார். சீக்கிரமான வழி 'சம்மதம்'. மறுத்தால் ஐந்து நிமிடத்தில் அடுத்த விண்ணப்பம் வரும் என்ற அனுபவம் அவருக்கு இருக்கிறது.

இலவசச் செயலிகள் விஷயத்தில் ஆப் சார் கண்டிப்பானவர். அந்தக் கண்டிப்பு நியாயமானதும்கூட. பூனைக்குக் குல்லாய் போடும் விளையாட்டு ஒன்றை எடுத்துக்கொண்டால் போதும். மூன்று குல்லாய் போட்டதும் திரையை மூடிக்கொண்டு விளம்பரம் வரும். மூடுவதற்கான பெருக்கல் குறி வலது மேல் மூலையில், எறும்புத் தலை அளவில், சாம்பல் பின்னணியில் சாம்பல் நிறத்தில் இருக்கும். நான்கு வயதுக் கட்டைவிரல் அதைத் தொடப் போய்ப் பக்கத்தில் தொடும். அடுத்த நொடி பிளே ஸ்டோர் திறந்துகொள்ளும். அங்கே இன்னொரு பூனை. வைரங்கள் வாங்கினால் குல்லாயோடு மீசையும் கிடைக்கும். ஃபோர்ட்நைட் விளையாட்டை நடத்தும் எபிக் கேம்ஸ் மீது, பொத்தான்களைக் குழப்பமாக வைத்து விளையாடுபவர்களை அறியாமல் வாங்கவைத்தது, சிறுவர்களின் விவரங்களைச் சட்டத்துக்கு மாறாகத் திரட்டியது என்று அமெரிக்க வர்த்தக ஆணையம் குற்றம் சாட்டியது. 2022இல் எபிக் கேம்ஸ் 52 கோடி டாலர் கட்டச் சம்மதித்துச் சமரசத்துக்கு வந்தது. கூகுளும் யூடியூபும் பெற்றோர் அனுமதியின்றிக் குழந்தைகளின் விவரங்களைச் சேகரித்த வழக்கில் 2019இல் 17 கோடி டாலர் கட்டின. குழந்தைகளுக்கான காணொளிகளின் கீழே கருத்து எழுதும் இடம் 2020 ஜனவரியிலிருந்து காணாமல் போனது அதன் விளைவு. ஆப் சார் ஒரு முறை 'ரிப்போர்ட்' பொத்தானை அழுத்தியிருக்கிறார். அதற்கும் இதில் பங்குண்டு என்பது அவர் கருத்து.

'எஜுகேஷனல்' என்ற சொல்லின் முன்னால் மட்டும் அவர் உருகிவிடுவார். செயலி செய்தவரே தம் செயலிக்குச் சூட்டிக்கொள்ளும் பட்டம் அது. உண்மையில் கற்றுத்தரும் செயலிக்கு என்ன இலக்கணம் என்று உளவியலாளர் கேத்தி ஹிர்ஷ்-பாசெக்கும் சக ஆய்வாளர்களும் 2015இல் ஒரு நீண்ட கட்டுரை எழுதினார்கள். குழந்தையின் மனம் வேலை செய்ய வேண்டும், வெறும் விரல் போதாது. கவனம் சிதறக் கூடாது. கற்பது அதன் வாழ்க்கையோடு ஒட்டியதாக இருக்க வேண்டும். இன்னொரு மனிதரோடு பேசிப் பழக இடம் இருக்க வேண்டும். ஒவ்வொரு தட்டலுக்கும் பட்டாசு வெடிக்கும் செயலிகளில் பாதி இரண்டாவது நிபந்தனையிலேயே விழுந்துவிடும். நான்கையும் ஆப் சார் மனப்பாடமாகச் சொல்வார். நான்காவதை மட்டும், மகளின் மதிப்பெண்ணை ஸ்கிரீன்ஷாட் எடுத்துக் குழுவில் போடுவது என்று புரிந்துகொண்டிருக்கிறார்.

அவருடைய பட்டியலில் தமிழுக்கு இடம் குறைவு. அமெரிக்க உச்சரிப்பில் ஃபோனிக்ஸ் சொல்லித்தரும் செயலி முதலிடத்தில் இருக்கும். குழந்தை ஒரு மாதத்தில் 'வாடர்' கேட்கும், பாட்டி வாடிய பூவை எடுத்துக் கொடுப்பார். உலகமெங்கும் மழலைப் பாட்டுகளை ஓடவிட்ட சூச்சூ டிவி 2013இல் சென்னையில்தான் பிறந்தது என்பதை ஆப் சார் நம்ப மறுப்பார். பிரதம் புக்ஸ் 2015இல் தொடங்கிய ஸ்டோரிவீவரில் தமிழ்க் கதைகள் படங்களோடு இலவசமாகக் கிடைக்கின்றன. அதை அவர் ஒருபோதும் சிபாரிசு செய்வதில்லை. அதில் நட்சத்திரம் இல்லை, வைரம் இல்லை, குழந்தை தனியாக இருபது நிமிடம் ஓட்டவும் முடியாது. எழுத்துக்கூட்டத் தெரியாத பிள்ளைக்குப் பெரியவர் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து படித்துக்காட்ட வேண்டியிருக்கும். படியிறங்கி வந்தவர்கள் கேட்டது அதையல்ல என்பது ஆப் சாருக்கு நன்றாகத் தெரியும். இந்த இடத்தில் அவரைக் குறை சொல்வதும் சரியாகாது. அவர் தேவையறிந்து நடக்கிறார்.

உட்பிரிவுகள் சில உண்டு. முழுத் தடைக்காரர், வீட்டில் டிவியைத் துணி போட்டு மூடியவர். அவருடைய பிள்ளையை எல்லா மாலையும் பக்கத்து வீட்டில் பார்க்கலாம். கோடிங்காரர், எம்.ஐ.டி.யில் பிறந்த ஸ்கிராட்ச் செயலியை ஐந்து வயதில் தொடங்காவிட்டால் வேலை போய்விடும் என்று எச்சரிப்பவர். ஸ்கிராட்சின் ஆரஞ்சுப் பூனையை மகள் மியாவ் என்று கத்தவைத்த காணொளியைத் தாத்தா ஊருக்கெல்லாம் அனுப்பியிருப்பார். இந்த இரு பிரிவினரும் ஒரே குழுவில் இருந்தால் நிர்வாகி சில நாட்கள் குழுவைப் பூட்டிவைக்க நேரும்.

பிள்ளைக்குப் பதின்மூன்று வயதானதும் ஆப் சாரின் அதிகாரம் ஆட்டம் காண்கிறது. பதின்மூன்று என்ற எல்லை அமெரிக்கா 1998இல் இயற்றிய சிறுவர் இணையத் தனியுரிமைச் சட்டத்திலிருந்து வந்தது. சமூக ஊடகங்கள் பெரும்பாலும் அந்த வயதையே பிடித்துக்கொண்டிருக்கின்றன. இந்தியாவின் 2023ஆம் ஆண்டுத் தரவுப் பாதுகாப்புச் சட்டமோ பதினெட்டு நிரம்பாதவர் எல்லோரையும் குழந்தை என்கிறது. ஆப் சார் வீட்டில் பதினெட்டை எடுத்துச் சொல்வார். மகன் பதின்மூன்றைச் சொல்வான். அவன் இன்ஸ்டாகிராமில் சேர்ந்தது பத்து வயதில், 1990இல் பிறந்ததாக.

அதன்பின் அவர் குழுவில் பேசுவது குறையும். பிறந்தநாள் வாழ்த்துக்கு ஒரு கேக் படம், தேர்வு அட்டவணைக்கு ஒரு கட்டைவிரல், அவ்வளவுதான். ஒன்பதாம் வகுப்பு ஆண்டில் பயிற்சி மையங்களைப் பற்றிய குழுவுக்குப் போய்ச் சேர்ந்துவிடுவார். அங்கே அவர் கடைநிலைப் பணியாளர். அவர் விட்டுப்போன இடம் வெகுநாள் காலியாக இருப்பதில்லை. யு.கே.ஜி. பி பிரிவில் ஓர் இளைய தந்தை, போன் திரையை ஒரே செயலியில் பூட்டிவைக்கும் வழியை அந்த வாரம்தான் கண்டுபிடித்திருப்பார். குழுவில் அவர் போடும் முதல் வாய்ஸ் நோட் நாலரை நிமிடம் ஓடும்.