யுத்தத்தில் வென்ற அண்ணன்

தேவிகாபுரத்துப் பட்டு முதலாளி அண்ணனே, உங்களைப் போற்றாமல் வேறு யாரைப் போற்றுவது? நீங்கள் ஒருவர் அல்லர். ஆரணிப் பக்கம் குழித்தறி ஓசை கேட்ட தெருவெல்லாம் இருந்தீர்கள். ஆகவே பெயர் சொல்லாமலே போற்றுகிறேன்.

1941-ல் ஜப்பானோடு வியாபாரம் முறிந்து, அந்நாட்டுக் கச்சாப் பட்டு வரத்து நின்றது. மைசூர்ப் பட்டைப் பாராசூட்டுக்கென்று சர்க்கார் வாங்கிக்கொண்டது. நெசவாளி கலங்கினான், நீங்கள் கலங்கவில்லை. பழைய விலைக்கு வாங்கிப் பூட்டிவைத்த பட்டு, பூட்டைத் திறக்காமலே விலையேறியது. இந்த வித்தையை உடன்பிறந்த தம்பிக்குக்கூடச் சொல்லாமல் காத்தீர்களே, அந்த அடக்கம் யாருக்கு வரும்?

தம்பி உங்களிடம் கூலிக்கு நெய்தவன். பாவு கேட்டு வந்தவனிடம், "யுத்த காலம்டா, பொறுத்துக்கோ" என்றீர்கள். வருஷமெல்லாம் தறிக்குழியில் கிடந்த அவன் கால்களுக்கு ஓய்வு கொடுத்தது உங்கள் கருணை. வேலை நின்றபோதும் முன்பணப் பாக்கியை மறக்காமல் நினைவூட்டினீர்கள். உறவு விட்டுப்போகக் கூடாதல்லவா?

1942 மார்ச்சில் ரங்கூன் விழுந்தது, பர்மா அரிசி நின்றது. தம்பி பெண்டாட்டி உங்கள் வாசலில் படி அரிசி கைமாற்றுக் கேட்டாள். சிக்கனத்தின் பெருமையை எடுத்துச் சொல்லி அனுப்பினீர்கள். எல்லாம் விலையேறிய காலத்தில் புத்திமதியை மட்டும் இலவசமாகவே வழங்கிய வள்ளல் நீங்கள். யுத்த நிதிக்கோ அதிகாரி முன்னால் கை நிறையக் கொடுத்தீர்கள். ரசீது இல்லாத தர்மத்தைத் தொட்டு உங்கள் கை ஒருநாளும் கறைபட்டதில்லை.

பெரியநாயகி அம்மனுக்குப் பட்டு சாத்தினீர்கள். அதை நெய்தவனின் கூலியை அம்மனே பார்த்துக்கொள்வாள் என்று விட்டீர்கள், அப்பேர்ப்பட்ட பக்தி! உங்கள் மகளின் முகூர்த்தப் புடவையும் தம்பி தறியில் இறங்கியதுதான். கல்யாணத்தன்று அவனைக் கடைசிப் பந்தியில் உட்காரவைத்தீர்கள், வீட்டு மனிதன் என்ற உரிமையோடு. அவன் மகள் நூல் புடவையில் பந்தி பரிமாறினாள். "எளிமையான பொண்ணு" என்று நாலு பேர் காதில் விழும்படி மெச்சினீர்கள். அந்த எளிமையை அவளுக்குச் சீதனமாகத் தந்த பெரியப்பா நீங்கள்தானே!

1945-ல் யுத்தம் முடிந்தது. உங்கள் வீட்டுக்கு மாடி எழும்பியது, தம்பியின் தறி விலைக்குப் போனது. அண்ணன் வழிப் பேரப்பிள்ளைகளே, பரணில் அந்தக் கணக்கு நோட்டு இருந்தால் எடுத்துப் பாருங்கள். தம்பி பேருக்கு நேரே கூலிப் பாக்கி எழுதியிருந்தால், அவன் பிள்ளைகளைத் தேடிக் கொடுத்துவிடுங்கள்.