தொலைக்காட்சித் துயில்: ஓர் ஆய்வு

தூக்கத்தின் வரலாற்றை எழுதப் புகுந்த அறிஞர்கள் கட்டிலை ஆராய்ந்தார்கள், தலையணையை ஆராய்ந்தார்கள். கூடத்தில் ஒன்பது மணிச் செய்தி ஓட, சாய்வு நாற்காலியில் வாய் பிளந்து உறங்கும் குடும்பத் தலைவரை மட்டும் விட்டுவிட்டார்கள். அக்குறையை இக்கட்டுரை நீக்கும்.

முதலில் ஆய்வுமுறை. குறட்டை சீரானதும் டி.வி.யை அணைக்க வேண்டும். கண் திறக்காமலே, "ஏன்டா அணைச்ச? பாத்துக்கிட்டுத்தானே இருக்கேன்!" என்று குரல் எழும். இதை 'மறுப்பு நிலை' என்போம். "அப்ப என்ன செய்தி ஓடிச்சு, சொல்லுங்க" என்று குறுக்கு விசாரணை செய்வது ஆய்வு நெறிக்குப் புறம்பு. வீட்டு அமைதிக்கும் நல்லதன்று.

அவர் பொய் சொல்கிறார் என்போர் அவசரக்காரர்கள். தூக்கத்தின் முதல் கட்டத்தில் மூளையின் ஆல்ஃபா அலைகள் அடங்கி, மெதுவான தீட்டா அலைகள் தலைதூக்கும். அந்தக் கட்டத்தில் எழுப்பப்படுபவர்கள் பலரும் விழித்தே இருந்ததாகச் சொல்வார்கள், நம்பித்தான் சொல்வார்கள். காதும் அப்போது முழுக் கடையடைப்புச் செய்வதில்லை. அதனால்தான் இரைச்சலுக்கு எழாதவர் இரைச்சல் நின்றதும் எழுகிறார். கரண்ட் போய் ஃபேன் நின்றால் தெருவே எழுந்து உட்காருவதிலும் இவ்விதிக்குப் பங்குண்டு. (கொசுவின் பங்கு தனி ஆய்வுக்குரியது.)

ஹான்ஸ் பெர்கர் 1929-இல் மனித மூளையின் மின்னலைப் பதிவை வெளியிடும்வரை, ஒருவர் தூங்கினாரா என்பதற்கு அவரையே சாட்சிக்கு அழைக்க வேண்டியிருந்தது. அல்லது அவர் மனைவியை. இரு வாக்குமூலங்களும் ஒத்துப்போனதாகச் சான்றில்லை. கும்பகர்ணன் ஒருவனே விதிவிலக்கு. எழுப்பியவர்களிடம் ஏன் எழுப்பினீர்கள் என்றுதான் கேட்டான். தூங்கவே இல்லை என்று சாதிக்கவில்லை. ஆறு மாதத்தை மறைப்பதும் கடினம்தான்.

இனி, ரிமோட். தூக்கம் ஆழ ஆழத் தசை தளர்ந்து, கையிலிருப்பது நழுவும். ஓவியர் சால்வதோர் தாலி 1948-இல் வெளியிட்ட நூலில் இதையே ஓர் உத்தியாகச் சொல்கிறார்: கையில் கனத்த சாவி, கீழே கவிழ்த்த தட்டு, சாவி விழுந்து ஓசை கேட்டதும் எழுந்து தூரிகையை எடுக்கலாம். 2021-இல் பாரிஸ் ஆய்வாளர்கள் இதைச் சோதித்தார்கள். கணக்குகளுக்குள் ஒரு குறுக்குவழியை ஒளித்துவைத்து, பங்கேற்றவர்கள் கையில் ஒரு கோப்பையைக் கொடுத்து ஓய்வெடுக்கச் சொன்னார்கள். முதல் கட்டத் தூக்கத்தில் 15 விநாடியாவது இருந்தவர்களில் 83 சதவீதம் பேர் அவ்வழியைக் கண்டுபிடித்தார்கள். விழித்தே இருந்தவர்களில் 30 சதவீதம். ஆழ்ந்து போனவர்களுக்கு அந்தப் பலன் கிட்டவில்லை.

நம் வீடுகளில் இச்சோதனை இரவுதோறும் நடக்கிறது. தட்டு தேவையில்லை, மொசைக் தரையே போதும். ரிமோட் விழும், மூடி ஒரு பக்கம் தெறிக்கும், பேட்டரி சோபாவுக்கு அடியில் உருளும். திடுக்கிட்டு எழும் குடும்பத் தலைவருக்கு அக்கணத்தில் உதிக்கும் கண்டுபிடிப்பு எல்லா ஊரிலும் ஒன்றுதான்:

"மணி என்னாகுது? நீங்கள்லாம் இன்னும் தூங்கலையா?"