உறைமோர்க் கடன்

ஏ தாயி, கோவிச்சுக்கிடாமக் கேளு. முத்துநகர் எக்ஸ்பிரஸ்ல வந்து உன் வேளச்சேரி வீட்டுல நாலு நாள் காவல் இருந்தவன் சொல்லுதேன். கதவுல ஒரு பூட்டு, ஒரு தாழ்ப்பாள், ஒரு சங்கிலி, எட்டிப் பார்க்க ஒரு ஓட்டை. உள்ள இருக்கிற சொத்து ஒரு மெத்தை, ரெண்டு தலகாணி, வாடிப்போன துளசி.

‘தனியா இருக்கத்தான் பிடிக்குது தாத்தா’ன்ன. இருந்துக்கோ. உங்க பாட்டிக்கு அந்தக் கொடுப்பினை ஏது? பதினோரு பேர் குடும்பம். கண்மாய்க்கரைக்குச் சுள்ளி பொறுக்கப் போனா ரெண்டு மணி நேரம் கழிச்சு மூணு சுள்ளியோட வருவா. சோம்பேறின்னு ஏசுனேன். சுள்ளிக்காகவா போனான்னு இப்பத்தான் வெளங்குது.

ஆனா நீ தனியாவா இருக்க? பாதி ராத்திரியில போனை நெஞ்சு மேல வச்சுக்கிட்டு, போட்டோவுக்கு எத்தனை இதயம் விழுந்துச்சுன்னு எண்ணுத. மொய் நோட்டைக்கூட எவனும் இம்புட்டு உன்னிப்பாப் பார்த்ததில்ல. எதிர்வீட்டுக்காரி பேரு கேட்டா ‘பி-4’ங்க. பேரா அது, பஸ் நம்பரா?

கிண்டி ஸ்டேஷன்ல உன்னை ஏத்திவிட்டப்ப லேடீஸ் பெட்டியைப் பார்த்தேன். ஒருத்தி பூக் கட்டுதா. ஒருத்தி மடியில முருங்கைக்கீரை. பக்கத்துல இருக்கவ கேக்காமலே ரெண்டு கொத்தை எடுத்து உருவுதா. பீச்சுக்கும் தாம்பரத்துக்கும் 1931-லேயே கரண்டு ரயில் விட்ட வெள்ளைக்காரன் இதைக் கண்டானா! நீ மட்டும் காதுவலிக்காரி மாதிரி ரெண்டு காதையும் அடைச்சுக்கிட்டு மூலையில நிக்க.

எல்லாம் இந்தத் தயிர் பாக்கெட்டு பண்ணுன வேலை. நம்ம தெருவுல உறைமோர் இல்லேன்னா கிண்ணத்தைத் தூக்கிட்டுப் போகணும். அதுவும் விளக்கு வைக்க முந்தி; வச்ச பொறகு மோரு குடுக்கமாட்டாளுக. ஒரு கரண்டி மோர் வாங்கப் போனவ, அந்த வீட்டுச் சண்டை, சம்பந்தம், மாடு கன்னு போட்டது அம்புட்டையும் வாங்கிட்டு வருவா. அதுக்குள்ள பால் ஆறிப்போயி மறுபடி சுட வைக்கணும். நீ பாக்கெட்டைக் கிழிச்சு ஊத்துத. யாருக்கும் கடன்படாத மகராசி!

கடலைமிட்டாய் ரெண்டு கிலோ கட்டி வச்சிருக்கேன். கோவில்பட்டி சரக்கு, 2020-ல புவிசார் குறியீடு வாங்குனது, மரியாதையா நடத்து. ஒரு பங்கு எதிர்வீட்டுக்கு. பிளாஸ்டிக் டப்பால குடுத்திராத, பாட்டி பேரு வெட்டுன எவர்சில்வர் டப்பால குடு. திருப்பிக் குடுக்க அவ வந்துதானே ஆகணும். அன்னிக்காச்சும் அந்தச் சங்கிலியைக் கழட்டி வை.