வேடம் போட்ட முனிவர்

கேள்வி: சிரிப்புக்கும் குறும்புக்கும் தனியாக ஒரு கடவுள் கூட்டத்தைப் படைத்தால் என்ன?

பதில்: தென்காசிப் பக்கம் விசாரித்துவிட்டுப் படையுங்கள். சைவரென்று குற்றாலக் கோயிலுக்குள் விடாததால், அகத்தியர் வைணவ வேடத்தில் நுழைந்து, நின்ற திருமாலைத் தலையில் கைவைத்து அழுத்திச் சிவலிங்கமாக்கினார் என்கிறது தலபுராணம். குறுமுனியே இவ்வளவு செய்தால் குறும்புக்கெனத் தனிச் சாமி எதற்கு? 'அது சமயச் சண்டை, நகைச்சுவையல்ல' என்பீர்கள். சண்டைதான், சொன்ன விதம் மாறுவேட நாடகம். 'சந்நிதியில் சிரிக்கலாமா?' என்றும் கேட்பீர்கள். குற்றாலநாதரைப் பாட வந்த குறவஞ்சி நாடகத்தில், குறத்தி சிங்கியின் காற்சிலம்பை விரியன் பாம்பென்று அவள் கணவன் சிங்கன் மிரள்கிறான். எழுதிய மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயரை யாரும் தண்டிக்கவில்லை. மாறாக, மதுரை நாயக்க மன்னர் அவருக்கு நிலம் கொடுத்தார். அதற்குக் 'குறவஞ்சி மேடு' என்று பெயர்.