ஸ்டே வாங்கப் போன ராத்திரி ரயில்

சொசைட்டி தேர்தல் என்று யாராவது சொன்னால் போதும், யூரியா மூட்டையும் ரேஷன் மண்ணெண்ணெயும் கலந்த ஒரு வாசனை எனக்கு வந்துவிடும். நகைக்கடனுக்காக சொசைட்டித் திண்ணையில் காத்துக் கிடந்தவர்கள் எல்லோருக்கும் வரும். 1976-இல் கூட்டுறவுச் சங்கங்களின் நிர்வாகக் குழுக்களைக் கலைத்துத் தனி அலுவலர்களை உட்கார வைத்து, இருபது வருஷம் கழித்து 1996-இல் தேர்தல் என்று அறிவித்தபோது, எங்கள் பக்கத்தில் பாதிப் பேருக்கு அது எப்படி நடக்கும் என்பதே மறந்து போயிருந்தது. நாட்டிலேயே முதல் வேளாண் கடன் சங்கத்தை 1904-இல் திரூரில் தொடங்கிய மாகாணத்தின் வாரிசுகள், ஓட்டுச்சீட்டை எந்தப் பக்கம் மடிப்பது என்று சங்கத்துச் செயலாளரிடம் பாடம் கேட்டுக்கொண்டிருந்தோம்.

நான் அப்போது புதுக் கோட்டு மாட்டிய ஜூனியர். கோட்டு கசங்கக் கூடாது என்பதற்காகப் பஸ்ஸில் இடம் இருந்தாலும் நின்றுகொண்டே போன ஜென்மம். உலகத்தில் சட்டம் என்று ஒன்று இருந்தால் அது 1983-ஆம் வருஷத்துத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம்தான் என்று நம்பியிருந்தேன். அதிலும் 90-ஆம் பிரிவைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பேன். தேர்தலில் தகராறா, சிவில் கோர்ட்டுப் படியேறாதே, பதிவாளரிடம் போ என்கிற பிரிவு அது. பதிவாளர் என்றால் எங்களுக்கு டி.ஆர். என்கிற துணைப் பதிவாளர் ஆபீஸ். தேர்தலை நடத்தியவர் அந்தத் துறையின் அலுவலர். சரியாக நடந்ததா என்று விசாரிப்பவரும் அந்தத் துறையின் அலுவலர். மாமியார் வைத்த குழம்பு எப்படி என்று மாமனாரிடம் கேட்பது மாதிரியான ஏற்பாடு. அதை நான் அன்று மிகுந்த பக்தியோடு விளக்குவேன்.

என் கட்சிக்காரர் ஒரு பெரியவர். தவணை தவறிய கடன் பாக்கி என்று சொல்லி அவர் வேட்புமனுவைத் தள்ளிவிட்டார்கள். பாக்கி கட்டிய ரசீது அவர் இடுப்பு முடிச்சிலேயே இருந்தது. எதிராளி அவருடைய தாய்மாமன் மகன், அன்னபோஸ்ட்டாக ஜெயித்துவிடும் நிலைமை. ஹைகோர்ட்டின் மதுரை பெஞ்ச் வராத காலம், ஸ்டே வேண்டுமென்றால் மெட்ராஸ்தான். ராத்திரி பாண்டியன் எக்ஸ்பிரஸில் ஏறினால் எதிர் சீட்டில் அந்த மச்சானும் அவருடைய வக்கீலும். நான் முறைப்பாக ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பெரியவர்தான் சொன்னார்: “தம்பி, மச்சானுக்கும் ஒரு காபி சொல்லுங்க. தோக்கப் போறவன் வெறும் வயித்தோட வரக் கூடாது.” திண்டுக்கல் தாண்டுவதற்குள் அவர் கொண்டுவந்த புளியோதரை நாலு பேருக்கும் பங்காகிவிட்டது.

மனு கண்மூடித் திறப்பதற்குள் முடிந்தது. நாமக்கல் தொகுதியில் மனு தள்ளுபடியான பொன்னுசாமி என்பவரின் வழக்கில் 1952-லேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டதாம்: தேர்தல் தொடங்கிவிட்டால் நடுவில் கையை வைக்க முடியாது, முடிந்த பிறகு வா. சட்டமன்றத் தேர்தலுக்குச் சொன்னது சொசைட்டி வரைக்கும் நீண்டு வந்து எங்கள் பெரியவரைப் பிடித்தது. அப்புறம் என்ன, 90-ஆம் பிரிவு, டி.ஆர். ஆபீஸ், வாய்தா. எதிரே டைப்பிங் சென்டர், மூன்று கார்பன் வைத்து அடித்ததில் கடைசிக் காப்பியை யாராலும் படிக்க முடியாது. அதைத்தான் எதிராளிக்குக் கொடுப்போம். செத்துப்போன உறுப்பினர்கள் பட்டியலில் உயிரோடு இருந்ததைப் பற்றி நான் செய்த குறுக்கு விசாரணையை, டீக்கடை பஜ்ஜிக்காகவே வாய்தா தவறாமல் வந்த சாட்சிகள் ரசித்துக் கேட்டார்கள். 2001-இல் குழுக்கள் போய்த் தனி அலுவலர்கள் திரும்பி வந்தார்கள். பதவியே இல்லாத பதவிக்காக நடந்த எங்கள் வழக்கும் செல்லாக்காசானது. மச்சானுக்கு நாற்காலி போன அன்று, துக்கம் கேட்க முதலில் போனவர் பெரியவர்தான்.

2004-இல் மதுரைக்கு பெஞ்ச் வந்தது. காலையில் பஸ் ஏறி, மத்தியானச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பினோம். நியாயம் பக்கத்தில் வந்ததில் புளியோதரை நின்றுபோனது. 2012-இல் அரசியல் சட்டத்தின் 97-ஆவது திருத்தம், அடுத்த வருஷம் தேர்தலுக்கென்றே தனி ஆணையம் நடத்திய தேர்தல் என்று எல்லாம் கம்பீரமாக வந்தன. அந்தத் திருத்தத்தில் மாநிலச் சங்கங்களுக்கான பகுதி செல்லாது, மாநிலச் சட்டமன்றங்களின் ஒப்புதல் பெறவில்லை என்று 2021-இல் சுப்ரீம் கோர்ட் சொன்னபோது, ஒரு நடைமுறைக் குறையில் அரசியல் சட்டத் திருத்தமே கவிழலாமா என்று என் ஜூனியர் பையன் திகைத்தான். ரசீதை இடுப்பில் வைத்துக்கொண்டு கவிழ்ந்தவரைப் பார்த்தவன் நான், எனக்கு ஆச்சரியமில்லை.

2018-இல் வந்த குழுக்களின் ஐந்து வருஷமும் ஓடிப்போய், நாற்காலியில் மறுபடியும் அரசு அலுவலர். தேர்தலை நிறுத்தச் சொல்லி ரயிலேறியவன், இப்போது தேர்தலை நடத்தச் சொல்லி மனு தயாரிக்கிறேன். தாக்கல் கம்ப்யூட்டரில், வாதம் கேமராவில், எல்லாக் காப்பியும் பளிச்சென்று படிக்க முடிகிறது. மனுதாரர் அந்த மச்சானின் மகன். எதிர்த்தரப்பு அரசாங்கம் என்பதால் காபி சொல்வதற்குத்தான் ஆளில்லை.