மாப்பிள்ளையின் அப்டேட்டும் மாமியாரின் விளக்குமாறும்

ரோபோ வேக்யூம் கிளீனரில் சக்கரம், தூரிகை, உறிஞ்சும் மோட்டார் ஆகியவற்றோடு ஒரு சிறு கணினியும் உண்டு. எந்த அறையில் தொடங்குவது, எந்த நாற்காலிக் காலைச் சுற்றிப் போவது, எப்போது சார்ஜ் மேடைக்குத் திரும்புவது என்பதையெல்லாம் அதிலுள்ள மென்பொருளே முடிவு செய்கிறது. தயாரித்த நிறுவனம் அந்த மென்பொருளைத் திருத்தி இணையம் வழியே அனுப்புவதுதான் அப்டேட். அதன் நன்மை தீமைகளை மென்பொருள் பொறியாளரான மாப்பிள்ளையும், ஓய்வுபெற்ற தலைமையாசிரியையான மாமியாரும் இங்கே வரிசையாக ஆராய்கின்றனர்.

1. தேவை

மாப்பிள்ளை: அப்டேட் போட்டா மிஷினுக்குப் புது அறிவு வரும், அத்தை. வீட்டோட வரைபடத்தை இன்னும் துல்லியமா போடும்.

மாமியார்: கடையில எல்லாம் தெரிஞ்ச மிஷின்னுதானே குடுத்தாங்க, மாப்பிள்ளை? முழுப் பணத்தையும் வாங்கிட்டு அறிவை மட்டும் தவணையில அனுப்புறாங்களா?

மாப்பிள்ளை: பாதுகாப்பும் இருக்கு, அத்தை. 2024 மே மாசம் அமெரிக்காவுல சில வீடுகள்ல எக்கோவாக்ஸ் டீபாட் எக்ஸ்2 மிஷினுக்குள்ள யாரோ ஊடுருவி, அதோட ஸ்பீக்கர் வழியாவே வீட்டுக்காரங்களைக் கெட்ட வார்த்தையில திட்டியிருக்காங்க. அந்த மாதிரி ஓட்டையை அடைக்க அப்டேட்தான் வழி.

மாமியார்: இத்தனை வருஷத்துல என் விளக்குமாறு என்னை ஒரு வார்த்தை சொன்னதில்லை. சரி, போடுங்க.

2. முன்னேற்பாடு

இயந்திரம் சார்ஜ் மேடையில் இருக்க வேண்டும். பேட்டரியில் போதிய சார்ஜும் தடையில்லாத வைஃபையும் தேவை. பல மாடல்கள் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் மட்டுமே இணையும்.

மாமியார்: ஹால்ல பேரன் சோறு சிந்தியிருக்கான். எப்போ எடுக்கும்?

மாப்பிள்ளை: அப்டேட் முடியுறவரைக்கும் மிஷினை நகர்த்தக் கூடாது, அத்தை.

மாமியார்: பக்கத்துல நடக்கலாமா? இல்ல, அதுக்கும் அனுமதி வாங்கணுமா?

3. நிறுவல்

புதிய மென்பொருள் முதலில் தரவிறங்கும். அது உண்மையிலேயே நிறுவனம் அனுப்பியதுதானா என்பது டிஜிட்டல் கையொப்பத்தைக் கொண்டு சரிபார்க்கப்படும். பிறகு நினைவகத்தில் எழுதப்பட்டு, இயந்திரம் மறுபடி இயங்கத் தொடங்கும். சில சாதனங்களில் பழைய மென்பொருளுக்குத் தனி இடம் உண்டு. புதியது இயங்காவிட்டால் பழையதற்கே திரும்பிவிடும்.

மாமியார்: எனக்குப் பழசே போதும். திரும்பச் சொல்லுங்க.

மாப்பிள்ளை: மிஷின் தானா திரும்பினா உண்டு, அத்தை. நாம ஆசைப்பட்டுத் திரும்புறதுக்குப் பெரும்பாலும் வழி வைக்கிறதில்லை.

மாமியார்: பணம் நம்மது, மிஷின் நம்ம வீட்டுல. விருப்பம் மட்டும் அவங்களது!

4. விளைவு

மாப்பிள்ளை: எல்லா நேரமும் நல்லாவே போகும்னு சொல்ல முடியாது. 2021 தொடக்கத்துல 3.12.8ங்கிற அப்டேட் வந்தப்புறம் சில ரூம்பா மிஷின்கள் தடுமாற ஆரம்பிச்சுது. குடிச்ச மாதிரி முட்டிக்கிட்டுச் சுத்துதுன்னு வாங்கினவங்க புகார் சொன்னாங்க. அதைத் தயாரிச்ச ஐரோபாட் கம்பெனியும் கோளாறை ஒத்துக்கிச்சு.

மாமியார்: எப்படித் தெளிய வச்சாங்க?

மாப்பிள்ளை: இன்னொரு அப்டேட் போட்டுத்தான், அத்தை.

மாமியார்: ஊத்திக் குடுத்த கடையிலேயே மோரும் கிடைக்குது. வசதிதான்.

5. முடிவு

அப்டேட் நின்றுபோகும் காலமும் வரும். ரோபோ வேக்யூம் தயாரித்த நீட்டோ ரோபாட்டிக்ஸ் நிறுவனம் மூடப்படும் என்று 2023-இல் அறிவிக்கப்பட்டது. கைபேசி ஆப் இயங்கத் தேவையான சர்வர் சேவை ஐந்து ஆண்டுகள் தொடரும் என்று தாய் நிறுவனமான ஃபோர்வெர்க் வாக்களித்தது. ஆனால் 2025-லேயே அது நிறுத்தப்பட்டது. ஆப் பயனற்றுப் போனது. இயந்திரத்தின் மேலுள்ள பொத்தானை அழுத்தி ஓட்டுவது மட்டும் மிஞ்சியது.

மாமியார்: குனிஞ்சு பொத்தானை அழுத்தணுமா? குனிஞ்சதுதான் குனிஞ்சோம், பெருக்கிட்டே நிமிர்ந்துடலாமே, மாப்பிள்ளை!

மாப்பிள்ளையிடம் இதற்குப் பதில் இல்லை. பாதுகாப்புக்கான அப்டேட்டைத் தள்ளிப்போடக் கூடாது என்ற அளவில் அவர் சொல்வது சரி. எத்தனை ஆண்டு அப்டேட் வரும், சர்வர் நின்றாலும் இயந்திரம் ஓடுமா என்ற இரண்டையும் வாங்கும் முன்பே கேட்டுவிட வேண்டும். எழுத்தில் பதில் கிடைக்காவிட்டால் மாமியார் கட்சியே சரி.